‘ஷாட்’: ஒரே சொல், பக்கத்துச் சொல்லால் மாறும் பொருள்

‘ஷாட்’ என்ற ஆங்கிலச் சொல்லைப் பற்றிக் கேட்டவர் ஓர் அமெரிக்கக் குழுவோடு புதிதாக வேலை செய்யத் தொடங்கியிருக்கிறார். காதில் விழுந்த நான்கு வாக்கியங்களைத் தந்திருக்கிறார்: ‘இட்ஸ் எ லாங் ஷாட்’, ‘கிவ் இட் எ ஷாட்’, ‘தி பேட்டரி இஸ் ஷாட்’, ‘டிட் யூ கெட் யுவர் ஷாட்ஸ்?’. நான்கிலும் ஒரே சொல்தான். அகராதியைத் திறந்தால் பொருள்கள் பத்திபத்தியாக நிற்கின்றன, எதை எப்போது எடுத்துக்கொள்வது என்கிறார். அவருக்கு வேண்டியது இன்னொரு பட்டியல் இல்லை என்று நினைக்கிறேன். எதிராளி பேசிக்கொண்டிருக்கும் அந்த இரண்டு நொடியில், இது ஊசியா, முயற்சியா, மதுவா, கெட்டுப்போன பொருளா என்று பிரித்தறிவது எப்படி என்பதே அவருடைய கேள்வி. அதற்குப் பதில் உண்டு: ‘ஷாட்’ என்ற சொல்லை விட்டுவிட்டு அதற்கு முன்னும் பின்னும் நிற்கும் சின்னச் சொற்களைக் கவனியுங்கள். பொருளைத் தீர்மானிப்பவை அவைதான்.

முதலில் வேர். ‘ஷூட்’ என்ற வினையும் ‘ஷாட்’ என்ற பெயரும் பழைய ஆங்கிலத்திலேயே உள்ளவை. துப்பாக்கி பிறப்பதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பே அம்பு எய்வதைக் குறித்தவை. விசையோடு ஒன்றை விடுவது என்பதே அடிப்படைப் பொருள். தமிழில் எய்தல், எறிதல், சுடுதல், உதைத்தல் என்று செயலுக்கேற்ப வினை மாறுகிறது. ஆங்கிலம் இத்தனைக்கும் ஒரே வினையை வைத்துக்கொண்டு, அதிலிருந்து பெயர்ச்சொல்லைக் கிளைவிட வைத்தது. எய்யும் செயல் ‘ஷாட்’. எய்யப்படும் குண்டும் ‘ஷாட்’. எய்தால் போய்ச் சேரும் தூரமும் ‘ஷாட்’. காது எட்டும் தூரத்தை ‘இயர்ஷாட்’ என்பது அந்தத் தூரக் கணக்கின் மிச்சம். எய்யும் ஆளும் ‘ஷாட்’தான். ‘ஷி இஸ் எ குட் ஷாட்’ என்றால் அந்தப் பெண் குறிதவறாமல் சுடுபவர் என்று பொருள், அழகைப் பற்றியோ புகைப்படத்தைப் பற்றியோ அதில் பேச்சே இல்லை. ‘அப்ஷாட்’ என்ற சொல் வில்வித்தைப் போட்டியில் எய்யும் கடைசி அம்பைக் குறித்தது. போட்டியின் முடிவை அது காட்டியதால், பேச்சின் முடிவில் நிற்கும் விளைவுக்கு அந்தப் பெயர் வந்தது. ‘தி அப்ஷாட் இஸ்’ என்று ஒருவர் தொடங்கினால், ‘ஆக மொத்தம்’ என்று மனத்துக்குள் மாற்றிக்கொள்ளலாம். ‘லைக் எ ஷாட்’ என்றால் ‘கேட்ட மாத்திரத்தில்’, ‘உடனே’.

இப்போது முக்கியமான இடம். தமிழில் ‘எ’, ‘தி’ போன்ற முன்னொட்டுகள் இல்லாததால், ஆங்கிலம் பேசும்போது நாம் அவற்றை விட்டுவிடுகிறோம், கேட்கும்போதும் காதில் வாங்குவதில்லை. இந்தச் சொல்லில் அது பெரிய இடறல். ‘ஐ காட் எ ஷாட்’ என்றால் ஊசி போட்டுக்கொண்டேன், அல்லது ஒரு வாய்ப்பு கிடைத்தது. ‘எ’ விழுந்து ‘ஐ காட் ஷாட்’ ஆனால் என்னைச் சுட்டுவிட்டார்கள். ‘ஐ காட் மை ஷாட்ஸ்’ என்றால் போட வேண்டிய தடுப்பூசிகளைப் போட்டாயிற்று. ‘ஐ காட் தி ஷாட்’ என்று ஒளிப்படக்காரர் சொன்னால் நினைத்த படம் அமைந்துவிட்டது. ‘ஐ காட் ஷாட் டவுன்’ என்றால் என் யோசனையை, அல்லது என் காதலை, மறுத்துவிட்டார்கள். விடுப்பு கேட்டு எழுதும் மின்னஞ்சலில் ‘எ’ விடுபட்டால் படிப்பவர் பதறிப்போவார். எனவே முதல் பழக்கம்: முன்னால் ‘எ’ இருக்கிறதா, ‘மை’ இருக்கிறதா, ஒன்றுமே இல்லையா என்று பாருங்கள். ஒன்றுமே இல்லாமல் ‘காட்’டுக்கோ ‘வாஸ்’ஸுக்கோ அடுத்து ஓர் ஆளைப் பற்றி வந்தால் அது பெரும்பாலும் துப்பாக்கி.

ஆளுக்குப் பதில் ஒரு பொருளோ உடலுறுப்போ வந்து, ‘இஸ்’ஸுக்குப் பின்னால் தனியாக ‘ஷாட்’ நின்றால் அது கெட்டு ஓய்ந்ததைச் சொல்கிறது. ‘தி பேட்டரி இஸ் ஷாட்’ என்பதை ‘பேட்டரி போய்விட்டது’ என்று தமிழாக்கினால் அப்படியே பொருந்தும். மெக்கானிக்குகளின் வாயில் இது அடிக்கடி வரும்: ‘தி பேரிங்ஸ் ஆர் ஷாட்’, ‘தி கிளட்ச் இஸ் ஷாட்’. பழுதுபார்க்கக் கூடியது என்ற நம்பிக்கை இந்தச் சொல்லில் இல்லை. தேய்ந்து தீர்ந்தது, மாற்றத்தான் வேண்டும் என்கிற தீர்ப்பு அது. ‘மை நீஸ் ஆர் ஷாட்’ என்றால் முழங்கால் தேய்ந்துபோயிற்று. ‘மை நெர்வ்ஸ் ஆர் ஷாட்’ என்றால் பதற்றத்தில் மனம் களைத்து ஓய்ந்த நிலை. இங்கே ‘எ’ சேர்க்கக் கூடாது.

இந்தப் பொருளில் காதுக்கு ஒரு தனிச் சிக்கலும் உண்டு. அமெரிக்கர் வாயில் ‘ஷாட்’ என்பது நாம் எழுதுவதுபோலவே ‘ஆ’காரத்தோடு வரும். பிரிட்டிஷ்காரர் வாயில் அது குறுகிய ‘ஒ’காரம், ‘ஷொட்’ என்பதற்கு அருகில். அவர்களே ‘குறைவு’ என்ற பொருள்தரும் ‘ஷார்ட்’டை ‘ர்’ இல்லாமல் ‘ஷோட்’ என்று நீட்டிச் சொல்வார்கள். ஆக பிரிட்டிஷ் பேச்சில் இந்த இரண்டுக்கும் இடையே பெரிதாக ஒலிக்கும் வேறுபாடு குறிலும் நெடிலும்தான். நாம் ‘ஷார்ட்’ என்பதற்கே ‘ர்’ருக்காகக் காத்திருப்பவர்கள் என்பதால் ஏமாந்துவிடுவோம். ‘வீ ஆர் ஷார்ட்’ என்றால் ஆளோ பணமோ போதவில்லை. ‘வீ ஆர் ஷாட்’ என்றால் களைத்து விழுந்துவிட்டோம். மின்சாதனங்களைப் பற்றிய பேச்சானால் குழப்பம் இரட்டிப்பாகும். ‘ஷார்ட்’ என்பது மின்குறுக்குச் சுற்றுப் பழுது, ‘ஷாட்’ என்பது பொருளே தீர்ந்தது. முதலாவதைச் சரிசெய்ய ஆளனுப்பலாம், இரண்டாவதற்குப் புதிதாக வாங்க வேண்டும். சந்தேகம் வந்தால் ‘டு வீ நீட் டு ரிப்ளேஸ் இட்?’ என்று திருப்பிக் கேட்டுவிடுவதே பத்திரம்.

அலுவலகத்தில் மிக அதிகமாகக் காதில் விழுவது முயற்சி, வாய்ப்பு என்ற கிளை. இதில் வினைச்சொல்தான் வழிகாட்டி. ‘கிவ்’ வந்தால் முயற்சி: ‘கிவ் இட் எ ஷாட்’ என்பது ‘ஒருமுறை செய்துதான் பாரேன்’. ‘கிவ் இட் யுவர் பெஸ்ட் ஷாட்’ என்றால் ‘முடிந்த மட்டும் முழுமூச்சாகச் செய்’. ‘ஹேவ்’ வந்தால் வாய்ப்பு: ‘வீ ஹேவ் எ ஷாட்’ என்பது ‘நமக்கு வழி இருக்கிறது, கிடைத்தாலும் கிடைக்கும்’ என்று பொருள்படும். ‘ஹேவ் எ ஷாட் அட்’ என்று ‘அட்’ சேர்ந்தால் எதற்கான வாய்ப்பு என்பது பின்னால் வரும். பிரிட்டனில் ‘ஹேவ் எ ஷாட் அட் இட்’ முயற்சியையும் குறிக்கும். ‘டேக்’ வந்தால்தான் கவனம் வேண்டும். ‘ஐ வில் டேக் எ ஷாட் அட் திஸ் ரிப்போர்ட்’ என்றால் இந்த அறிக்கையை நான் எழுதிப் பார்க்கிறேன். அதே ‘டேக் எ ஷாட் அட்’டுக்குப் பின்னால் ஒரு மனிதரின் பெயர் வந்தால், அவரைச் சாடுவது அல்லது உண்மையாகவே சுடுவது. வேலையின் பெயர் வந்தால் முயற்சி, ஆளின் பெயர் வந்தால் தாக்கு. இந்த ஒரு வேறுபாட்டைப் பிடித்துக்கொண்டால் பாதிக் கஷ்டம் தீரும்.

‘லாங் ஷாட்’ என்பதற்கு நம்மிடம் நேரான பழமொழி இருக்கிறது: விழுந்தால் மாங்காய், போனால் கல். பழைய துப்பாக்கிகள் தூரத்துக் குறியைச் சரியாகத் தாக்காது. ஆகவே தொலைவிலிருந்து சுடுவது நம்பிக்கை குறைந்த முயற்சி. பிறகு குதிரைப் பந்தயத்தில், ஜெயிக்க வாய்ப்பு குறைந்த, ஆனால் ஜெயித்தால் பணத்தை அள்ளித் தரும் குதிரைக்கும் அந்தப் பெயர் வந்தது. அதனால் ‘இட்ஸ் எ லாங் ஷாட்’ என்பதில் மறுப்பு இல்லை என்பதைக் கவனியுங்கள். சொல்பவர் முயற்சியை நிறுத்தச் சொல்லவில்லை, ஏமாற்றத்துக்கும் தயாராக இரு என்கிறார். ஆனால் ‘நாட் பை எ லாங் ஷாட்’ என்று வந்தால் அது அழுத்தமான மறுப்பு, ‘கிட்டவே இல்லை’. ‘எ ஷாட் இன் தி டார்க்’ இன்னொரு வகை. அதில் வாய்ப்பு குறைவு என்பதைவிடத் தகவலே இல்லை என்பதுதான் செய்தி, குருட்டாம்போக்கில் ஓர் ஊகம். இன்றைய இளைஞர்கள் சொல்லும் ‘ஷூட் யுவர் ஷாட்’ கூடைப்பந்தாட்டத்திலிருந்து வந்தது. தயங்காமல் கேட்டுவிடு என்பது பொருள், பெரும்பாலும் மனத்துக்குப் பிடித்தவரிடம் பேசத் துணிவதற்குச் சொல்வது. கூடைப்பந்தில் பந்து கையில் இருந்தால் எறிந்தே ஆகவேண்டிய நெருக்கடி உண்மையிலேயே உண்டு. அமெரிக்க என்.பி.ஏ. போட்டிகளில் 1954 முதல் 24 நொடிக்குள் கூடையை நோக்கி எறிய வேண்டும் என்பது விதி, அதைக் காட்டும் கடிகாரத்தின் பெயரும் ‘ஷாட் கிளாக்’தான்.

‘மூன்ஷாட்’ என்று பெரிய நிறுவனங்கள் இப்போது அடிக்கடி சொல்கின்றன. மிகத் துணிச்சலான, எட்டாத தூரத்துத் திட்டம் என்ற பொருள் நிலவுக்கு ராக்கெட் விட்ட காலத்திலிருந்து வருகிறது. அமெரிக்க பேஸ்பால் ரசிகர்களுக்கு அதே சொல் வேறொன்று. 1959-இல் லாஸ் ஏஞ்சலிஸ் அணிக்கு ஆடிய வாலி மூன் என்பவர், இடப்பக்க வேலி மிக அருகிலும் மிக உயரமாகவும் இருந்த மைதானத்தில் பந்தை வானுயர அடித்து அந்த வேலியைத் தாண்ட வைத்தார். அவர் பெயராலேயே உயரமான அடிகளுக்கு ‘மூன் ஷாட்’ என்ற பெயர் பரவியது.

மருத்துவத்துக்கு வருவோம். ஊசிக்கு ‘ஷாட்’ என்பது அமெரிக்க வழக்கு. 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் போதைமருந்து ஊசியைக் குறித்து அச்சில் ஏறி, பிறகு எல்லா ஊசிக்கும் பொதுவானது. பிரிட்டனில் இதே இடத்தில் ‘ஜாப்’ என்பார்கள், ஸ்காட்லாந்தில் ‘ஜாக்’. லண்டனில் ‘ஃப்ளூ ஷாட்’ என்றால் புரிந்துகொள்வார்கள், ஆனால் அவர்கள் வாயில் வருவது ‘ஃப்ளூ ஜாப்’. பள்ளிச் சேர்க்கைப் படிவம் பற்றிய பேச்சில் ‘ஷாட் ரெக்கார்ட்’ என்று அமெரிக்கர் சொன்னால் அது குழந்தையின் தடுப்பூசி அட்டை. வீட்டு நாயைப் பற்றி ‘ஹி ஹேஸ் ஹேட் ஹிஸ் ஷாட்ஸ்’ என்றாலும் அதேதான், பயப்பட வேண்டாம். இதிலிருந்து கிளைத்த ‘எ ஷாட் இன் தி ஆர்ம்’ நாளிதழ்த் தலைப்புகளுக்குப் பிடித்தமானது: சோர்ந்துகிடந்த தொழிலுக்கோ கட்சிக்கோ கிடைத்த தெம்பு. கையில் குண்டு பாய்ந்தது என்று இதை மொழிபெயர்த்தால் செய்தி தலைகீழாகிவிடும். நல்ல செய்தி கெட்ட செய்தியாகிறது.

மதுக்கடைப் பேச்சில் ‘ஷாட்’ ஓர் அளவு. ஆனால் உலகம் முழுக்க ஒரே அளவு இல்லை. அமெரிக்காவில் வழக்கமான ஷாட் ஒன்றரை திரவ அவுன்ஸ், அதாவது சுமார் 44 மில்லி. நாடு முழுமைக்கும் ஒரே சட்ட அளவு கிடையாது, கடைக்குக் கடை மாறும். பிரிட்டனில் மதுக்கூடங்களில் ஜின், ரம், வோட்கா, விஸ்கி நான்கையும் 25 மில்லி அல்லது 35 மில்லி அளவில், அல்லது அவற்றின் மடங்குகளில் ஊற்ற வேண்டும் என்பது சட்டம். நம் ஊர்க் கணக்கில் சின்ன பெக் 30, பெரிய பெக் 60 மில்லி. ஆக அமெரிக்கர் ‘இரண்டு ஷாட்’ என்று சொன்னதை இரண்டு சின்ன பெக் என்று எடுத்துக்கொள்பவர், அவர் நினைத்ததைவிட மூன்றில் ஒரு பங்கு குறைவாகக் கணக்கிடுகிறார். 40 விழுக்காடு மதுவில் 44 மில்லிக்குள் சுமார் 14 கிராம் ஆல்கஹால் இருக்கிறது, அமெரிக்க மருத்துவ அறிவுரைகளில் வரும் ‘ஒரு டிரிங்க்’ அதுதான். இந்தப் பொருளில் வரும் வினை ‘டூ’: ‘லெட்ஸ் டூ ஷாட்ஸ்’ என்று பன்மையில் வந்தால் ஆளுக்கொரு சின்னக் கண்ணாடிக் குவளையை ஒரே மடக்கில் குடிக்க அழைக்கிறார்கள். மேசையில் வைத்து மெல்லப் பருகுவதற்கு அந்தச் சொல் பொருந்தாது.

இந்தப் பெயரைப் பற்றி ஒரு கதை ஓயாமல் சுற்றுகிறது. கையில் காசில்லாத கௌபாய் துப்பாக்கித் தோட்டா ஒன்றைக் கொடுத்து அதற்கு ஈடாக ஒரு குவளை விஸ்கி வாங்குவானாம், அதனால் ‘ஷாட்’. கேட்க நன்றாக இருந்தாலும் இதற்கு ஆதாரம் கிடையாது. வேட்டையாடிய பறவையைச் சாப்பிடும்போது பல்லில் கடிபட்ட ஈயக் குருணையைத் துப்பிவைக்கும் குவளைதான் ‘ஷாட் கிளாஸ்’ என்ற கதைக்கும் அதே கதிதான். ஒரே தடவையில் உள்ளே செலுத்தும் அளவு என்ற பொருள் நீட்சியே இயல்பான விளக்கம். அதோடு, பழைய ஆங்கிலத்தில் சாராயக் கடையில் ஆளாளுக்குக் கொடுக்க வேண்டிய பங்குத் தொகைக்கும் ‘ஷாட்’ என்ற பெயர் இருந்தது. இந்த இரண்டு கிளைகளும் ஒன்றையொன்று தொட்டிருக்கலாம்.

அந்தப் பங்குத் தொகை ‘ஷாட்’ பற்றிச் சற்று நின்று சொல்ல வேண்டும். அதன் உடன்பிறப்பு ‘ஸ்காட்’, வரி அல்லது செலுத்த வேண்டிய தொகை. ‘ஹி காட் அவே ஸ்காட் ஃப்ரீ’ என்றால் அவன் தண்டனை ஏதுமின்றித் தப்பிவிட்டான். வரி கட்டாமல் தப்பியவன் என்பதே முதற்பொருள். ஸ்காட்லாந்து மக்களுக்கும் இதற்கும் தொடர்பில்லை. 1857-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் விடுதலை மறுக்கப்பட்ட அடிமை ட்ரெட் ஸ்காட்டின் வழக்கிலிருந்து வந்தது என்று சிலர் எழுதுவதும் தவறு, அந்த வழக்குக்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே இந்தத் தொடர் உண்டு. ஷேக்ஸ்பியர் நான்காம் ஹென்றி நாடகத்தின் முதல் பாகத்தில் இந்த இருபொருளை வைத்தே விளையாடுகிறார். போர்க்களத்தில் நிற்கும் ஃபால்ஸ்டாஃப் என்ற பாத்திரம், லண்டனில் ‘ஷாட்’ கொடுக்காமல் தப்பிய எனக்கு இங்கே ‘ஷாட்’டைக் கண்டு பயமாக இருக்கிறது என்கிறான். முதலாவது மதுக்கடைக் கணக்கு, இரண்டாவது துப்பாக்கிக் குண்டு. சிலேடையை விரும்பும் தமிழ்க் காதுக்கு இது உடனே எட்டும்.

காபிக் கடை ‘ஷாட்’ இப்போது நம் நகரங்களிலும் வந்துவிட்டது. எஸ்பிரெஸோவில் ஒரு ஷாட் சுமார் 30 மில்லி. இன்றைய கடைகளில் பெரும்பாலும் இறக்குவது இரட்டை ஷாட்: சுமார் 18 கிராம் தூள், 25 முதல் 30 நொடி, 36 கிராம் அளவுக்குக் காபி என்பது பரவலான கணக்கு. தூள் கரகரப்பாக இருந்தால் தண்ணீர் 15 நொடியிலேயே ஓடிவிடும், புளிக்கும். அளவுக்கு மீறி நைசாக இருந்தால் சொட்டுச்சொட்டாக இறங்கிக் கசக்கும். இங்கே வினை ‘புல்’, அதாவது இழுத்தல். ‘புல் எ ஷாட்’ என்பது நெம்புகோலைக் கையால் இழுத்து இயக்கிய பழைய இயந்திரங்களின் காலத்துச் சொல், பொத்தான் வந்த பிறகும் மாறவில்லை.

கேமராவோடு வரும் ‘ஷாட்’ தமிழர்களுக்கு மிகப் பழக்கமானது, படப்பிடிப்புத் தளத்தில் ‘ஷாட் ரெடி’ என்ற குரல் இல்லாத நாளில்லை. ஆனால் மூன்று சொற்களை நாம் கலந்துவிடுகிறோம். கேமரா ஓடத் தொடங்கி நிற்கும் வரை பதிவாவது ஒரு ஷாட். அதே ஷாட்டை மறுபடி மறுபடி எடுக்கும் ஒவ்வொரு தடவையும் ஒரு டேக். ஓரிடத்தில் ஒரு நேரத்தில் நடக்கும் கதைப்பகுதி சீன், அதற்குள் பல ஷாட்டுகள் இருக்கலாம். படத்துறையில் ‘லாங் ஷாட்’ என்றால் தூரத்திலிருந்து ஆள் முழுதும் தெரிய எடுப்பது, மேலே சொன்ன மாங்காய்க் கல்லுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. ‘ஸ்னாப்ஷாட்’ வேட்டையிலிருந்து வந்தது. குறிபார்க்க நேரமில்லாமல் சட்டென்று சுடுவது அது. வானியலாளர் ஜான் ஹெர்ஷல் 1860-இல் அதைக் கணநேரப் புகைப்படத்துக்குப் பயன்படுத்தினார். இன்று கணினித் துறையில் ஒரு நொடியில் இருந்த நிலையை அப்படியே எடுத்துவைக்கும் நகலுக்கும் அதே பெயர். ‘மக்ஷாட்’ என்பதில் ‘மக்’ காபிக் குவளை இல்லை, முகத்துக்கான பழைய கொச்சைச் சொல். ஆகவே காவல்துறை எடுக்கும் குற்றவாளிப் படம். அலுவலக அடையாள அட்டைக்குப் படம் அனுப்பும்போது அதை ‘மக்ஷாட்’ என்று எழுதாதீர்கள், கேட்பது ‘ஹெட்ஷாட்’. அந்த ‘ஹெட்ஷாட்’டும் கணினி விளையாட்டில் தலையில் சுடுவதாகிவிடும். ஆனால் மனிதவளத் துறை கேட்டால் தோள் வரையிலான முகப்படம்தான்.

சில இடங்களில் ‘ஷாட்’ எண்ண முடியாத பொருளாக, ‘ஸ்’ சேராமல் நிற்கும். ‘லெட் ஷாட்’ என்பது ஈயக் குருணை, அரிசி போல மொத்தமாகச் சொல்வது. அதைச் செய்யும் முறை அழகானது. பிரிஸ்டல் நகரத்து வில்லியம் வாட்ஸ் 1782-இல் காப்புரிமை பெற்ற வழியில், உயர்ந்த கோபுரத்தின் உச்சியில் ஈயத்தை உருக்கிச் சல்லடை வழியே ஊற்றுவார்கள். விழும் வழியில் பரப்பு இழுவிசையால் துளிகள் உருண்டையாகி, கீழே தண்ணீர்த் தொட்டியில் விழுந்து இறுகும். ஈயத்தோடு சிறிது ஆர்சனிக் சேர்த்தால் துளி நன்றாக உருளும். சேர்க்காவிட்டால் வால் வைத்ததுபோல நீளும். குருணை பெரிதாக வேண்டுமென்றால் கோபுரமும் உயர வேண்டும், சூடு தணிய அதிக நேரம் தேவை. ‘ஷாட்கன்’ என்ற பெயர் இந்தக் குருணையால் வந்தது. நம் ஊரில் 12 போர் துப்பாக்கி என்கிறோமே, அந்த 12, குழாய்க்குள் சரியாக நுழையும் ஈய உருண்டைகள் 12 சேர்ந்தால் ஒரு பவுண்டு எடை என்பதைச் சொல்கிறது. எண் கூடினால் குழாய் குறுகும் என்பது அதனால்தான். குண்டு எறிதல் போட்டியின் ‘ஷாட் புட்’டிலும் இதே உலோக ‘ஷாட்’தான்: ஆண்களுக்கு 7.26 கிலோ, அதாவது 16 பவுண்டு, பெண்களுக்கு 4 கிலோ.

காரில் ஏறும்போது யாராவது ‘ஷாட்கன்!’ என்று கத்தினால் ஓட்டுநருக்குப் பக்கத்து இருக்கை தனக்கு என்று இடம்பிடிக்கிறார். குதிரைவண்டிகளில் பணப்பெட்டியைக் காக்க ஓட்டுபவர் பக்கத்தில் துப்பாக்கியோடு ஒருவர் உட்கார்ந்தது உண்மை. ஆனால் ‘ரைடிங் ஷாட்கன்’ என்ற தொடர் அந்த வண்டிகள் ஓடிய காலத்துச் சொல்லல்ல. 20-ஆம் நூற்றாண்டின் மேற்கத்தியச் சாகசக் கதைகளே அதைப் பரப்பின.

புடவைக் கடையில் ‘ஷாட் கலர்’ என்று கேட்டிருப்பீர்கள். அதுவும் இதே சொல்தான், ஆங்கிலத்திலும் ‘ஷாட் சில்க்’ உண்டு. பாவு (நெடுக்கு நூல்) ஒரு நிறம், ஊடை (குறுக்கு நூல்) வேறு நிறம். துணியைச் சாய்க்கும்போது ஒரு நிறம் மறைந்து மற்றது எழும், காஞ்சிபுரத்து மயில்கழுத்து நிறம் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. நெசவில் ஊடை நூலைச் சுமந்தோடும் நாடா இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் பாய்வதுதான் ‘ஷாட்’. நாடாவுக்கான ‘ஷட்டில்’ என்ற ஆங்கிலச் சொல்லே ‘ஷூட்’டின் வேரிலிருந்து பிறந்தது, பழைய ஆங்கிலத்தில் எறிபடைக்குரிய பெயர். இதிலிருந்து ‘ஷாட் த்ரூ வித்’ என்ற எழுத்துநடைத் தொடரையும் புரிந்துகொள்ளலாம்: ‘ஹெர் வாய்ஸ் வாஸ் ஷாட் த்ரூ வித் ஸாரோ’ என்றால் குரல் முழுக்கச் சோகம் இழையோடியது. இழையோடுதல் என்று தமிழும் தறியிலிருந்தே சொல்லெடுத்திருப்பது எனக்கு மிகவும் பிடித்த ஒற்றுமை. தீபாவளிக்கு 30 ஷாட், 120 ஷாட் என்று பெட்டியில் அச்சாகி வரும் சிவகாசி வாணங்களின் ‘ஷாட்’டுக்கு விளக்கம் தேவையில்லை, ஒரு பற்றவைப்பில் எத்தனை முறை மேலே பாயும் என்ற கணக்கு.

மனிதர்களைக் குறிக்கும் தொடர்களில் தொனிதான் முக்கியம். ‘பிக் ஷாட்’ என்றால் பெரும்புள்ளி, ஆனால் மரியாதை கலந்த சொல் அல்ல. மேலாளரிடம் நேராகச் சொல்லக் கூடாது. ‘ஹாட்ஷாட்’ திறமைசாலி, கொஞ்சம் தலைக்கனம் உள்ளவர் என்ற சாயலோடு. ‘சீப் ஷாட்’ என்பது பலவீனம் பார்த்து அடிக்கும் நியாயமற்ற பேச்சு. ‘வார்னிங் ஷாட்’, ‘எ ஷாட் அக்ராஸ் தி பௌஸ்’ இரண்டும் எச்சரிக்கை. பின்னது, நிற்காத கப்பலின் முன்முனைக்குக் குறுக்கே பீரங்கி சுட்ட கடற்படை வழக்கம். ‘பார்ட்டிங் ஷாட்’ என்பது கிளம்பும்போது சுருக்கென்று குத்திவிட்டுப் போகும் சொல். பின்வாங்கிக்கொண்டே திரும்பி அம்பெய்த பண்டைய பார்த்தியக் குதிரைவீரர்களின் ‘பார்த்தியன் ஷாட்’தான் மருவி இப்படியாயிற்று என்று பலர் உறுதியாகச் சொல்கிறார்கள். இரண்டு தொடர்களும் 19-ஆம் நூற்றாண்டின் முற்பாதியிலேயே அச்சில் இருக்கின்றன. ஒன்று மற்றொன்றாக மாறியது என்பது நிரூபணமாகவில்லை. ‘கால் தி ஷாட்ஸ்’ என்றால் முடிவெடுக்கும் அதிகாரம் கையில் இருப்பது. இதற்கும் குறிசுடுதல், பில்லியர்ட்ஸ் என்று இரண்டு மூலம் சொல்கிறார்கள், எதுவும் தீர்வாகவில்லை. இணையத்தில் ஒருவர் இன்னொருவரைக் காட்டமாகச் சாடினால் பார்ப்பவர்கள் ‘ஷாட்ஸ் ஃபயர்ட்’ என்று எழுதுவது, காவல்துறை வானொலியில் துப்பாக்கிச்சூடு நடந்ததாக அறிவிக்கும் சொற்றொடர். அமெரிக்காவில் பள்ளிகளிலும் கடைவீதிகளிலும் துப்பாக்கிச்சூடு உண்மையான துயரம். அதனால் பொது இடத்தில், முகம் தெரியாதவர்கள் முன்னால் இதை உரக்கச் சொல்ல வேண்டாம்.

பேசுவதற்கு எதைத் தேர்ந்தெடுப்பது? ‘கிவ் இட் எ ஷாட்’, ‘லாங் ஷாட்’, ‘ஃப்ளூ ஷாட்’, ‘ஸ்கிரீன்ஷாட்’ நான்கும் எங்கும் எவரிடமும் பயன்படுத்தலாம். பொருள்களைப் பற்றி ‘இஸ் ஷாட்’ என்பது பேச்சுக்குச் சரி, எழுதும் அறிக்கைக்கு ‘வோர்ன் அவுட்’ நல்லது. ‘டேக் எ ஷாட் அட்’ தொடரைக் கேட்டுப் புரிந்துகொள்ளுங்கள், நீங்கள் சொல்லும்போது ‘ட்ரை’ போதும். பிரிட்டிஷ்காரர்களோடு பழகினால் ‘கெட் ஷாட் ஆஃப்’ என்பதையும் அறிந்திருக்க வேண்டும். அதற்குத் தொலைத்துத் தலைமுழுகுவது என்று பொருள். ‘ஐ காட் ஷாட் ஆஃப் தி ஓல்ட் கார்’ என்றால் பழைய காரை ஒருவழியாகத் தள்ளிவிட்டேன், யாரும் யாரையும் சுடவில்லை. அமெரிக்கர் பலருக்கு இது புரியாது. தென்னாப்பிரிக்காவில் ஒருவருக்குச் சின்ன உதவி செய்யும்போது அவர் ‘ஷாட்!’ என்று மட்டும் சொன்னால் அது நன்றி. நியூசிலாந்தில் ‘ஷாட், ப்ரோ’ என்றால் நன்றியும் இருக்கலாம், ‘சபாஷ்’ என்ற பாராட்டும் இருக்கலாம். தோளைத் தட்டிச் சிரித்தபடி சொன்னால் இரண்டில் எதுவாக எடுத்துக்கொண்டாலும் பிழையில்லை.